நெயோக் வீட்டு லாப்ரா

ஐப்பசியை ஒட்டிய காதி மாதத்தில் அடுப்பேறிய நெயோக் வீட்டு லாப்ரா, தை அறுவடைப் பண்டிகையான மாக் பிஹு கழிந்தும் வேகவில்லை. பூசணி, கத்தரி, முள்ளங்கி, பீர்க்கு, சேம்பு எல்லாம் கடுகெண்ணெயில் வதங்கி, எது எந்தக் காய் என்று தெரியாமல் குழைய வேண்டிய கூட்டு அது. மூத்த மருமகள் நிருபமா செய்தால் பேச்சு முடிவதற்குள் குழைந்துவிடும். அந்த முறை விறகு எரிந்தது, தண்ணீர் கொதித்தது, பூசணித் துண்டு மட்டும் இப்போதுதான் நறுக்கியது போல விறைத்துக் கிடந்தது.

அது பாகப்பிரிவினைச் சமையல். பாக்குத் தோப்பில் ஒரு வரிசை மரத்துக்காக அண்ணன் குசகாந்தாவுக்கும் தம்பி லீலாகாந்தாவுக்கும் மூண்ட சண்டை அரிவாள் வரை போயிருந்தது. எங்கள் பக்கம் வீடு பிரிகிற நாளில் எல்லாரும் ஒரே பானையில் கடைசியாகச் சாப்பிட்ட பிறகுதான் பங்கு போடுவார்கள். அண்ணி வேண்டுமென்றே ஏதோ செய்துவிட்டாள் என்று லீலாகாந்தா ஊரெல்லாம் சொல்லித் திரிந்தான். ஒருநாள் அவனே பானையைத் தூக்கப் பார்த்தான், அசையவில்லை. அண்ணனும் முகத்தைத் திருப்பிக்கொண்டு ஒரு கை கொடுத்தான், அப்போதும் அசையவில்லை. பொறுமை போன ஊர்த் தலைவர், சாப்பிட்டதாகவே வைத்துக்கொள்ளுங்கள் என்றார். மூங்கில் தட்டி நிறுத்தி மண் பூசி வீட்டின் நடுவே சுவர் எழுப்பினார்கள். நகராத பானையை நடுவில் விட்டு, இரட்டை வாய் அடுப்பின் மேலேயே அந்தச் சுவர் நின்றது. ஒரு வாய் அண்ணன் பக்கம், மற்றது தம்பி பக்கம்.

மண் காய்வதற்குள் இருவரும் நாம்கரில், ஊரே கூடித் தொழும் கூடத்தில், ஒரு சத்தியமும் செய்தார்கள்: தன் வீட்டார் யாராவது மற்றவன் வாசலை மிதித்தால் தன் செத்த முகத்தைத்தான் பார்ப்பார்கள். ஆண்களுக்கு என்ன, சொல்லிவிட்டு வெற்றிலை போடப் போனார்கள். லீலாகாந்தாவின் மனைவி ஜோனாலிக்கு அப்போது மாதம் நெருங்கியிருந்தது. முன்பு இரண்டு பிள்ளைகள் தங்கவில்லை. இரண்டு முறையும் அவள் தலையை மடியில் வைத்துக்கொண்டிருந்தவள் நிருபமா. இந்த முறையும் நான் இருக்கிறேன் என்று வாக்குக் கொடுத்திருந்தாள்.

வலி எடுத்தது ஒரு பகல் பொழுதில். லீலாகாந்தா மருத்துவச்சியை அழைத்துவர சைக்கிளில் போயிருந்தான். அடுப்பு வாய் வழியாக ஜோனாலியின் குரல் வந்தது.

"அக்கா, இருக்கியா?"

"இருக்கேன்டி."

பிறகு குரல் வரவில்லை, முனகல்தான் வந்தது. அதுவும் தேய்ந்துகொண்டே போனது. நிருபமா கணவனிடம் ஓடிச் சத்தியத்தைத் திருப்பி எடுத்துக்கொள்ளச் சொன்னாள். நாம்கரில் செய்ததை எப்படி எடுப்பது என்று குசகாந்தா கேட்டான். உயிருக்குப் பயந்தவன், கெட்டவன் இல்லை. அந்த உயிர்மேல் அவளுக்கும் ஆசை இருந்தது. அங்கே ஒருத்தி செத்துக்கொண்டிருந்தாள்.

"வாசலை மிதிக்கக் கூடாதுன்னுதானே சொன்னீங்க?" என்றாள் நிருபமா.

அவன் பதில் சொல்வதற்குள் அவள் அடுப்புக்குள் தலையை நுழைத்துவிட்டாள். ஒரு விறகுக் கட்டையே இடித்துக்கொண்டு போகும் வாய் அது. அவளோ கதவில் ஒருக்களித்து நுழைகிற உடம்புக்காரி. பந்தியில் ஆளுக்கு இடம் விடுவது போல நெருப்பு இருபுறமும் ஒதுங்கியது. கொதிக்கிற பானைக்குக் கீழே தவழ்ந்து தம்பி பக்கம் எழுந்தாள். முட்டியில் கொஞ்சம் சிராய்ப்பு, வேறொன்றும் இல்லை.

லீலாகாந்தா திரும்பியபோது உடம்பெல்லாம் சாம்பலாக அண்ணி உட்கார்ந்திருந்தாள். மடியில் ஜோனாலியின் தலை, ஜோனாலியின் மார்பில் ஒரு பெண் குழந்தை. அவன் வாசலைப் பார்த்தான். மெழுகிய ஈரத்தில் ஒரு காலடிகூட இல்லை. எப்படி வந்தீங்க என்று கேட்டான்.

"அடுப்பு வழியா. லாப்ரா வெந்திருக்கு, இலையைப் போடு. உன் அண்ணனும் இன்னும் சாப்பிடல."

சுவருக்கு இந்தப் பக்கம் ஒருவன், அந்தப் பக்கம் ஒருவன் உட்கார்ந்து அந்தப் பானையைக் காலி செய்தார்கள். லீலாகாந்தா சாப்பிடும்போது அழுதான், மிளகாய் என்றான். சத்தியத்தை இருவரும் கடைசிவரை திருப்பி எடுக்கவில்லை, பிடிவாதக்காரர்கள். அந்த வீட்டுப் பெண்களும் பிள்ளைகளும் இன்றும் அடுப்பு வழியாகத்தான் போய் வருகிறார்கள். நல்ல மேகேலாப் பாவாடை உடுத்திய நாளில் மட்டும் போவதில்லை, கரி ஒட்டிக்கொள்ளும்.