பதில் சொல்லாத குற்றம்

செங்கல்வராயன் செய்த குற்றம், பேசாமல் நின்றது. அம்பத்தூரில் ஓர் அரசு அலுவலகத்தில் அவர் பதிவறை எழுத்தர். உதவி இயக்குநர் ஸ்ரீகாந்த் கேட்ட கேள்விக்கு, ஊழியர்கள் முன்னிலையில் 'பதிலளிக்காமல் மௌனமாக நின்று அவமதித்தார்' என்று குறிப்பாணை வந்திருந்தது. பதினேழு-பி. பெரிய தண்டனைக்கான பிரிவு. அது தீரும்வரை இளநிலை உதவியாளர் பதவி உயர்வுப் பட்டியலில் அவர் பெயர் ஏறாது. குற்றம் உறுதியானால், ஓய்வு பெறும்வரை ஏறாது.

குறிப்பாணையைத் திரும்பத் திரும்பப் படித்தார். நின்றது உண்மை. பேசாததும் உண்மை.

"ஒத்துக்கினு கையெழுத்து போட்டுடலாம்னு பாக்குறேன்," என்றார் ரூபஸிடம், கொரட்டூர் ரயில் நிலையத்துக்கு வெளியே டீக்கடையில்.

ரூபஸ் அதே அலுவலகத்தில் கணக்குப் பிரிவு. இதுவரை தன்மேலேயே நான்கு பதினேழு-பி பார்த்தவர். நான்காவது இன்னும் நடந்துகொண்டிருந்ததால், பிறர் விசாரணையில் துணைக்கு உட்கார அவரை விடமாட்டார்கள். டீக்கடையில் பேசத் தடையில்லை.

"இன்னா மாமே, லூசா நீ? அந்தாளு இன்னா கேட்டாரு? அத்த சொல்லு மொதல்ல."

கடைக்காரர் இரண்டு டீ ஆற்றி முடிக்கும்வரை செங்கல்வராயன் அவர் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"'உனக்கு மூளை இருக்கா'ன்னாரு."

"அத்தான் கேள்வியா?"

"அத்தான்."

"நீ இன்னா பண்ண?"

"யோசிச்சினு நின்னேன்."

ரூபஸ் நெற்றியில் கை வைத்துக்கொண்டார். "இதுக்கு இன்னாய்யா யோசனை?"

"கீதுன்னா எதுத்துப் பேசுறான்னுவாரு. இல்லன்னா எழுதிக் குடுன்னுவாரு. ஒருவேள நெசமாவே கேட்டிருந்தார்னா? சரியா சொல்லணும்ல."

"மெமோவுல அந்தக் கேள்வி கீதா?"

"இல்ல."

"எந்தக் கேள்விக்குப் பதில் சொல்லலன்னே எழுதாம உன்னக் காலி பண்றாங்க, நீ கையெழுத்து போடறேன்னு நிக்கிற. அந்தாள சாட்சியா கூப்ட சொல்லு. குறுக்கு விசாரணை உன் உரிமை. ஒரே கேள்வி கேளு. கேட்டுட்டு வாய மூடிக்கினு குந்து. அது உனக்கு நல்லா வரும்."

விசாரணை அதிகாரி ஞானகுமாரி பூந்தமல்லி அலுவலகத்திலிருந்து வந்திருந்தார். "உதவி இயக்குநர் எழுத்துமூலமா வாக்குமூலம் குடுத்துட்டார். நேர்ல கூப்பிட வேண்டாம்னு சொல்றாங்க. உங்களுக்கு ஆட்சேபம் உண்டா?"

செங்கல்வராயன் யோசித்தார். ஞானகுமாரி அவசரப்படுத்தவில்லை. செங்கல்வராயனுடைய பணிக்காலத்தில் அப்படிக் காத்திருந்த அதிகாரி வேறு யாருமில்லை.

"அவர நான் விசாரிக்கணும்மா."

அடுத்த அமர்வுக்கு ஸ்ரீகாந்த் வந்தார். செங்கல்வராயன் எழுந்து நின்றார்.

"நீங்க உட்காருங்க. இங்க அவர் சாட்சி," என்றார் ஞானகுமாரி.

நாற்காலியின் நுனியில் உட்கார்ந்துகொண்டு செங்கல்வராயன் கேட்டார்: "ஐயா, அன்னிக்கு நீங்க என்னை என்ன கேள்வி கேட்டீங்க?"

"அலுவல் சம்பந்தமான கேள்வி."

"என்ன கேள்வி?" இது ஞானகுமாரி.

"ஞாபகம் இல்ல மேடம். தினம் எத்தனையோ கேட்கிறோம்."

"ஞாபகமில்லாத கேள்விக்குப் பதில் சொல்லலைன்னு பதினேழு-பியா?" என்றார் ஞானகுமாரி.

அறையில் யாரும் பேசவில்லை. செங்கல்வராயனுக்கு அது சிரமமாக இல்லை. ஸ்ரீகாந்துக்குப் பழக்கமில்லை. மின்விசிறியைப் பார்த்தார், தட்டச்சரைப் பார்த்தார், கைக்குட்டையை எடுத்தார்.

"மூளை இருக்கான்னு கேட்டிருப்பேன்."

"கேட்டிருப்பீங்களா, கேட்டீங்களா?"

"கேட்டேன்."

"அப்படியே அடிக்கட்டுமா மேடம்?" என்றார் தட்டச்சர்.

"அப்படியே."

ஞானகுமாரி செங்கல்வராயன் பக்கம் திரும்பினார். "கேள்வி இப்பதான் பதிவாகியிருக்கு. பதில் சொல்ல உங்களுக்கு உரிய வாய்ப்பு தரணும், தர்றேன். சொல்றீங்களா?"

அவர் முகத்தில் கேலி இல்லை. நிஜமாகவே கேட்கிறார் என்று செங்கல்வராயனுக்குப் பட்டது.

"எழுத்துமூலமாத் தர்றேம்மா. பதினஞ்சு நாள் அவகாசம் வேணும்."

"சாட்சிக்கு ஆட்சேபம் உண்டா?"

"மேடம், நான் புகாரையே வாபஸ் வாங்கிக்கிறேன்."

"குறிப்பாணை கொடுத்தாச்சு சார். இனி பதில் வந்துதான் ஆகணும்."

வெளியே வராந்தாவில் ஸ்ரீகாந்த் செங்கல்வராயனை மடக்கினார். "யோவ், இருக்குன்னு எழுதிக் குடுத்து முடிச்சு விடுய்யா."

"யோசிச்சு எழுதறேங்கய்யா."

கெடு முடியுமுன் செங்கல்வராயன் பூந்தமல்லிக்குப் போய்த் தன் கையாலேயே பதிலைக் கொடுத்தார். ஒரே வரி: 'இருக்கிறது, ஆனால் அன்று கேட்கப்பட்ட விதத்தில் எனக்கே சந்தேகம் வந்துவிட்டது.'

ஞானகுமாரி அதை இரண்டு முறை படித்தார். சிரிக்கவில்லை. அறிக்கையின் கடைசிப் பக்கத்தை எடுத்து, 'குற்றம் நிரூபிக்கப்படவில்லை' என்று எழுதிக் கையெழுத்திட்டார்.

"பதவி உயர்வுப் பட்டியலுக்கு இனி இது தடையா இருக்காது. நீங்க வேற ஏதாவது சொல்லணுமா?"

செங்கல்வராயன் யோசிக்கத் தொடங்கினார். ஞானகுமாரி பேனாவை மூடி வைத்துவிட்டுக் காத்திருந்தார்.