வழிமொழிய ஓர் ஆள்

தூண்டில் நண்பர்கள் சங்கத்துக்கு விதிகள் நாற்பத்தொன்று இருந்தன. நண்பர்கள் இரண்டு பேர் இருந்தார்கள்.

முதலாமவர் செயலாளர். வேலையில் இருந்த காலமெல்லாம் தேர்வு மண்டபங்களில் மேற்பார்வை பார்த்தவர். பிள்ளைகள் தும்மினால்கூட அதில் விடை ஒளிந்திருக்குமோ என்று கைக்குட்டையைப் பிரித்துப் பார்த்தவர். ஓய்வு பெற்றதும் அந்தக் கண்ணை அப்படியே ஏரிக்கரைக்குக் கொண்டுவந்துவிட்டார். சங்கம் தொடங்கியபோது கரை நிறைய ஆட்கள் இருந்தார்கள். ஒருவருக்கு ஒரு தூண்டில்தான் என்றார், சரி என்றார்கள். சாண் அளவுக்குக் குறைந்த மீனைத் திருப்பி விட வேண்டும் என்றார், முணுமுணுத்தார்கள். பிடித்த மீனின் நீளத்தை வீட்டில் போய்க் கூட்டிச் சொல்லக் கூடாது என்று ஒரு விதி போட்டார் பாருங்கள், பாதிப் பேர் எழுந்து போய்விட்டார்கள். தூண்டில்காரனிடமிருந்து பொய்யையும் பிடுங்கிக்கொண்டால் அவன் கையில் வெறுங்குச்சிதானே மிச்சம்? மீதிப் பேருக்குச் செயலாளரே விளக்கம் கேட்டு நோட்டீஸ் அனுப்பி, வழியனுப்பியும் வைத்தார்.

மிஞ்சிய இரண்டாமவன் அவருடைய மச்சினன், இறந்துபோன மனைவியின் தம்பி. ஏரிக்கு மேலே மேட்டில் திலாப்பியாப் பண்ணை வைத்திருப்பவன். வாரம் முழுக்க மீனை வலை வலையாக அள்ளிப் போடுகிறவன் ஞாயிற்றுக்கிழமை ஒற்றைத் தூண்டிலோடு வந்து கரையில் உட்காருவது, தையல்காரன் விடுமுறை நாளில் பக்கத்து வீட்டுக்குப் பொத்தான் தைக்கப் போவது மாதிரி. ஏன் வருகிறான் என்று செயலாளர் கேட்டதில்லை. சங்கத்தின் மேல் உள்ள பற்று என்று வைத்துக்கொண்டார்.

அவருக்குப் பேச்சு என்பது வாரத்தில் அந்த ஒரு காலைதான். மற்ற நாட்களில் கடன் வேண்டுமா என்று தொலைபேசியில் கேட்கும் பெண்ணிடம், "வேண்டாம்மா, தனி ஆளுக்கு எதுக்குக் கடன்..." என்று அவர் ஆரம்பிப்பதற்குள் எதிர்முனை வைத்துவிடும். வீட்டில் இரண்டு டம்ளர்களையும் மாற்றி மாற்றிப் புழங்கினார், ஒன்று மட்டும் சும்மா கிடக்க வேண்டாமே என்று.

அந்த ஞாயிறு அவருடைய தூண்டிலிலேயே வினை வந்து மாட்டியது. இழுத்தால் ஒரு திலாப்பியா. முள் வாயில் இல்லை, பக்கத் துடுப்பில் குத்தியிருந்தது. அளவுப் பலகையில் கிடத்தியதும் அது வாயைத் திறந்தது. உள்ளேயிருந்து எள்ளு எள்ளாகக் குஞ்சுகள், கண்ணும் வாலுமாகப் பலகை மேல் கொட்டின.

"என்ன மாப்ளே இது, மீனே மீனைத் தின்னுருக்கு?"

"தின்னல அத்தான், அதோட குஞ்சுதான். வாய்க்குள்ள வச்சு வளர்க்கும். அதுவரைக்கும் தாய்க்குப் பட்டினி. இரை பக்கமே திரும்பாது. பாவம், உங்க முள்ளு போற வழியில குத்திடுச்சு."

மச்சினன் வாளியில் தண்ணீர் மொண்டு, ஈரக் கையால் குஞ்சுகளை வழித்து உள்ளே விட்டான். தாயையும் முள் எடுத்து விட்டான்.

"இந்த ஏரிக்கு இது எங்கேர்ந்து வந்துச்சு?"

"வேற எங்க, நம்ம பண்ணைதான். போன மழையில குளம் வழிஞ்சுது. நான் வளர்க்கிறது எல்லாம் ஆண், அதுதான் சீக்கிரம் பெருசாகும். எங்கேயாவது ஒரு பொட்டை இப்படி ஏமாத்திட்டு உள்ள வந்துடும்."

செயலாளருக்கு மண்டபத்து முகம் வந்துவிட்டது. "பதினாலாம் விதி, குஞ்சோட இருக்கிற மீனை உடனே தண்ணில விடணும். இருபத்திரெண்டாம் விதி, மத்த மீனை அழிச்சிடுற திலாப்பியாவைத் திரும்ப ஏரியில விடவே கூடாது, அங்கேயே கொன்னுடணும்."

"பதினாலுக்கும் இருபத்திரெண்டுக்கும் ஏழாம் பொருத்தமா இருக்கே அத்தான்! அதுங்க பேசி முடிவு பண்ணட்டும். நான் இதுகளைப் பண்ணைக்கு எடுத்துட்டுப் போறேன்."

"உயிரோட மீனைக் கரையை விட்டுக் கொண்டுபோகக் கூடாது. முப்பது!"

"டன் கணக்குல விக்கிறவன்தான் நான். ஆனா வாய்ல புள்ளைய வச்சுட்டு நிக்கிறதைக் கொல்லக் கை வரல," என்று சொல்லிவிட்டு மச்சினன் வாளியோடு நடந்தான்.

செயலாளர் அதோடு விட்டிருக்கலாம். சட்டையில் குத்தியிருந்த 'செயலாளர்' பட்டை விடவில்லை. விளக்கம் கேட்டு நோட்டீஸ் எழுதினார். அடுத்த ஞாயிறு கூட்டம். பொருள், உறுப்பினர் நீக்கம்.

எழுதிய பிறகுதான் அவருக்கு உறைத்தது. இவனும் போய்விட்டால்? விடிய விடிய யோசித்து ஒரு வழி கண்டுபிடித்தார். நீக்கத் தீர்மானத்தை ஒருவர் முன்மொழிய வேண்டும், இன்னொருவர் வழிமொழிய வேண்டும். முன்மொழிவது அவர். வழிமொழிய ஆளுக்கு எங்கே போவது? தீர்மானம் தானாக விழுந்துவிடும். விதியும் நிற்கும், மச்சினனும் நிற்பான். இந்தக் கணக்கு சரியாக வந்ததும் அவருக்குத் தன் மேலேயே மரியாதை கூடிப்போயிற்று.

கூட்டம் பழைய படகுக் கொட்டகையில் நடந்தது. செயலாளர் இஸ்திரி போட்ட சட்டையில் மேசைக்குப் பின்னால் நின்றார். எதிரே பிளாஸ்டிக் நாற்காலிகள் வரிசையாகக் கிடந்தன, ஒன்றில் மட்டும் மச்சினன்.

"உறுப்பினர் வந்திருக்காரா?"

"இங்கதான் அத்தான் இருக்கேன்."

"கூட்டத்துல அத்தான்னு கூப்பிடக் கூடாது. இங்க நான்தான் தலைவர், தலைவரேன்னு சொல்லு."

"சரிங்க தலைவரே அத்தான்."

குற்றங்களைப் படித்து முடித்தார். "நீக்கத்தை நான் முன்மொழிகிறேன். வழிமொழிபவர் உண்டா?" என்று கேட்டுவிட்டு, நிறைந்த சபையைப் பார்ப்பது போலக் காலி நாற்காலிகளின் மேல் பார்வையை ஓட்டினார். 'வழிமொழிவார் இல்லாமையால்' என்ற வாக்கியம் நாக்கு நுனியில் தயாராக நின்றது.

சேற்றில் வண்டி மாட்டியவனைப் பார்ப்பது போல மச்சினன் அவரையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு கையைத் தூக்கினான்.

"நான் வழிமொழியறேன்."

"நீயா?"

"வேற யாரு இருக்கா? இவ்வளவு மெனக்கெட்டு எழுதிக் கொண்டுவந்திருக்கீங்க. ஒரு ஆள் இல்லாம நடுவுல நின்னா உங்களுக்கு நல்லாவா இருக்கும்?"

"குற்றம் சாட்டப்பட்டவரே வழிமொழியக் கூடாதே..."

"அப்படி விதி இருக்கா அத்தான்?"

இல்லை. நாற்பத்தொன்றையும் மனசுக்குள் இரண்டு தரம் ஓட்டிப் பார்த்தார். உலகத்தில் யாருக்கும் தோன்றாத விதியெல்லாம் இருந்தது, அது இல்லை.

தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது. மச்சினன் நாற்காலிகளை ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கி வைத்தான். "வரேன் அத்தான். கதவைப் பாத்துப் பூட்டுங்க, அந்தக் கொண்டி கையைக் கடிக்கும்," என்றான்.

அதற்கப்புறம் ஞாயிறுகள் வந்தன. தீர்மானத்தை ரத்து செய்யக் கூட்டம் வேண்டும். கூட்டத்துக்கு இரண்டு பேர் வேண்டும். ஒரு காலையில் அவர் வாழ்நாளில் காணாத பெரிய மீன் ஒன்று மாட்டியது. கூச்சல் போட வேண்டும் போல் இருந்தது. சுற்றிலும் பார்த்தார். நீளத்தைக் கூட்டிச் சொல்லி விதியை மீறுவதற்கும் ஒரு காது தேவைப்படுகிறது. மீனைச் சத்தமில்லாமல் விட்டுவிட்டு மேட்டுப் பாதையில் ஏறினார்.

வா என்று கூப்பிட்டுவிடலாம். சங்கமும் வேண்டாம் மண்ணும் வேண்டாம், சும்மா வந்து உட்கார் மாப்ளே என்று சொல்லிவிடலாம். வழியெல்லாம் அதைச் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனார்.

பண்ணை வேலிக்கு வந்ததும் நின்றுவிட்டார். உள்ளே தீவனக் கொட்டகையில் ஏழெட்டுப் பேர் மூட்டைகள் மேல் உட்கார்ந்து சீட்டாடிக்கொண்டிருந்தார்கள். லாரி ஓட்டுநர், வலை இழுப்பவர்கள், தீவனக் கடைக்காரர். நடுவில் மச்சினன், விசிறி போல் சீட்டைப் பிடித்துக்கொண்டு. அவன் இப்படி வாய்விட்டுச் சிரித்து அவர் பார்த்ததில்லை.

"ஞாயித்துக்கிழமை ஆனா எங்கேயோ காணாமப் போயிடுவான் இவன். எத்தனை வருஷம்டா எங்களை ஏமாத்தின? இப்பதான் வசமா மாட்டியிருக்க. போடு சீட்டை!" என்றார் தீவனக் கடைக்காரர்.

மச்சினன் சீட்டைப் போட்டான். நிமிர்ந்தபோது வேலிக்கு வெளியே செயலாளரின் தொப்பியைக் கண்டான்.

"அட, அத்தான்! வாங்க, உள்ள வாங்க. டேய், அந்த மூட்டையை இழுத்துப் போடு."

எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். யாரோ எழுந்து இடம் விட்டார்கள். செயலாளர் வேலிக்கு வெளியிலேயே நின்றார்.

"ஒண்ணுமில்ல. குளத்துத் தண்ணி வெளியேறுற குழாய்க்கு வலை கட்டியாச்சான்னு பார்த்துட்டுப் போகலாம்னு வந்தேன்."

"அன்னிக்கே கட்டிட்டேன் அத்தான்."

"கண்ணி சின்னதா இருக்கணும்."

"சின்னதுதான். வந்து உட்காருங்களேன்."

"இல்லப்பா, வேலை கிடக்கு," என்றார்.

வளைவு திரும்பும் வரை நிமிர்ந்தே நடந்தார். திரும்பியதும் ஒரு மரத்தடியில் நின்றுகொண்டார். பின்னால் கொட்டகையில் சத்தமே இல்லை. தன்னால்தான் அவர்கள் ஆட்டம் கெட்டுவிட்டது என்று நினைத்தபோது, வெட்கத்தோடு வெட்கமாக ஒரு சிறு திருப்தியும் அவருக்கு உண்டாயிற்று.

பிறகு யாரோ என்னவோ சொன்னார்கள். மறுபடி சிரிப்பு எழுந்தது. ரொம்ப நேரமும் ஆகவில்லை.