திருப்திக் கடிதம்

இன்னாசியம்மாளிடம் கையெழுத்து வாங்கியவள் நான்தான். தாசில்தார் சொன்னார், செய்தேன் என்று சொல்லித் தப்பிக்கலாம். என்னிடமே சொல்லிப் பார்த்துவிட்டேன், எடுபடவில்லை.

சாணார்பட்டியைத் தாண்டி ஒரு கிராமத்துக்கு நான் வி.ஏ.ஓ. அங்கே அவளுக்கு முக்கால் ஏக்கர் மல்லித் தோட்டம். அதற்குப் போகிற வண்டிப்பாதையை அடைத்துக் கல்லுக்கால் நட்டு, முள்கம்பி கட்டிவிட்டான் பக்கத்துத் தோட்டக்காரன் முனியப்பன். அரசாங்க வரைபடத்தில் பாதை பளிச்சென்று இருக்கிறது. இருந்து என்ன? அவள் விடியற்காலையில் பூக்கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு, வீங்கிய முழங்காலோடு, அடுத்தவர் வரப்பில் ஏச்சு வாங்கியபடி நடந்தாள். கடைசியில் மதுரை ஹைகோர்ட்டுக்குப் போனாள். எட்டு வாரத்துக்குள் பாதையைத் திறந்துவிட உத்தரவு வந்தது. நாங்கள் பதினோரு மாதம் அந்த உத்தரவின்மேல் உட்கார்ந்திருந்தோம்.

அவளுடைய வக்கீல் கோர்ட் அவமதிப்பு மனு போட்டார். வியாழக்கிழமை தாசில்தார் நேரில் ஆஜராக வேண்டும் என்றதும்தான் ஆபீசே ஆடிப்போனது.

செவ்வாய்க்கிழமை ஜேசிபி வந்தது. பதினோரு மாதம் ஆகாத வேலை முக்கால் மணி நேரத்தில் முடிந்தது! கல்லுக்கால்களை உடைக்காமல் பிடுங்கி, ஓரமாக அடுக்கச் சொன்னார் தாசில்தார். ஏன் என்று எனக்கு அப்போதே உறைத்தது. ஜீப்புக்குப் பின்னால் நின்று அவர் முனியப்பனிடம் சொன்னதும் காதில் விழுந்தது.

"ரெண்டு நாளு பொறுங்கண்ணே. கேஸ முடிச்சிட்டு வந்துருறேன். அப்பறம் நீங்க நட்டுக்கங்க, நான் இந்தப் பக்கமே வரல."

வாயில் கொழுக்கட்டையை வைத்துக்கொண்டு நின்றேன். போட்டோ எடுத்தார்கள். ஜீப் பானட்டின்மேல் பேப்பரை வைத்துக் கடிதத்தை எழுதியதும் நான்தான். 'பாதை திறக்கப்பட்டுவிட்டது. எனக்கு முழுத் திருப்தி. வழக்கை மேற்கொண்டு நடத்த விருப்பமில்லை.'

"வக்கீலுகிட்ட ஒரு வார்த்தை கேட்டுக்கிறவா தாயி?" என்றாள் இன்னாசியம்மாள்.

"பாதைதான் கண்ணு முன்னாடி கெடக்கே, இன்னும் என்னம்மா கேக்கணும்?"

"மறுபடி அடைக்க மாட்டான்ல?"

"கோர்ட்டு உத்தரவும்மா. எவன் அடைப்பான்?" என்றேன். கொஞ்சம்கூட நாக்குக் குளறவில்லை.

அவள் எழுத்தெழுத்தாகக் கூட்டிக் கையெழுத்துப் போட்டாள். எல்லோருக்கும் குடிக்கக் கலர் வாங்கி வரச் சொன்னாள். என் கையில் ஒரு பந்து மல்லியைத் திணித்து, "நீ நல்லா இருப்ப தாயி, மாதா ஒன்னையக் கைவிட மாட்டா" என்றாள். வாங்கித் தலையில் வைத்துக்கொண்டேன். தூ, என்ன ஜென்மம் நான்!

வியாழக்கிழமை வழக்கு முடிந்தது. தாசில்தார் எல்லோருக்கும் பிரியாணி வாங்கித் தந்தார். நானும் சாப்பிட்டேன். வெள்ளிக்கிழமை விடியும்போது கல்லுக்கால்கள் பழைய குழிகளிலேயே நின்றன.

திங்கட்கிழமை இன்னாசியம்மாள் என் ஆபீசுக்கு வந்தாள். மண்ணை வாரித் தூற்றுவாள் என்று நினைத்தேன். தூற்றியிருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும்.

"வக்கீலு வையிறாரு தாயி. நானே எழுதிக் குடுத்துட்டேனாம், இனி மொதல்லருந்து ஓடணுமாம்." உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. மேஜையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். "அவனுகளுக்குள்ள முன்னாடியே பேச்சு இருந்துருக்கும்ங்கிறாரு. அதக் காதால கேட்ட ஆளு ஒருத்தர் வந்து சொன்னாப் போதுமாம், கேஸ மறுபடி எடுத்துருவாராம். அப்புடி ஆள நான் எங்கிட்டுப் போயித் தேடுவேன்?"

 சொல்லித் தொலை, சொல்லித் தொலை என்று நெஞ்சு அடித்துக்கொண்டது. வேலை போய்விடுமே என்று பயந்தேன். கண் கலங்கிவிட்டது.

அவள் பதறிப்போனாள். "அட, நீ ஏன் தாயி அழுகுற? ஒனக்கு எப்புடித் தெரியும்? ஒன்னையவும் சேத்துல்ல ஏமாத்திப்புட்டானுக!"

"ஆமாம்மா," என்றேன். "என்னையவும்தான் ஏமாத்திட்டாங்க."