முள்ளை எடுப்பதற்கு முன்

1

இந்தக் கதையை ஒரு கீறலிலிருந்து எடுத்தேன் என்பதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். சேலம் அஸ்தம்பட்டியில் வீட்டைக் காலி செய்துகொண்டிருந்த ஒருவர், நான் கேட்ட பித்தளை அண்டாவோடு கேட்காத ஒரு கிராமபோன் தட்டையும் என் தலையில் கட்டினார். தட்டின் நடுவில் இருந்த காகிதம் பிய்ந்து போயிருந்தது. யார் பாடியது, எந்த ஆண்டு, எந்தக் கம்பெனி, ஒன்றும் தெரியாது.

கிராமபோன் வைத்திருக்கும் நண்பர் வீட்டுக்குப் போய் ஓடவிட்டோம். நாயனமும் மேளமும் வெளுத்து வாங்கின. 'தெக்க போன மேகமே' என்று ஒரு ஆண்குரல். என் கால் என்னைக் கேட்காமல் தாளம் போட்டது. மூன்று நிமிடத்துக்குள் பாட்டு முடிந்தது. நண்பர் முள்ளை எடுக்கக் கையை நீட்டினார். அந்த நேரம் பார்த்து அவருக்குத் தும்மல் வந்தது. அவர் தும்மி முடிப்பதற்குள் தட்டிலிருந்து ஒரு பெண் பேசினாள்.

"ஆண்டி—" என்றாள். பிறகு ஒரு கீறல், கர்ரென்று. அதற்குப் பிறகு, "ஊட்டுக்கு வா, சாமி."

அவ்வளவுதான், நான்கு விநாடி. நண்பருக்குத் தும்மல் வராமல் இருந்திருந்தால் இந்தக் கதையும் இல்லை.

2

[ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்து நான்கு. சேலம் ஜில்லாவில் மழை பொய்த்துப் போய்—]

வேண்டாம். மழை பொய்த்த ஊர்களில் தொடங்கும் கதைகளைப் படித்துப் படித்து எனக்கே நாக்கு வறண்டுவிட்டது.

[அத்தாயி பேரழகி. அவளுடைய கண்கள்—]

இதுவும் வேண்டாம். அத்தாயிக்கு நாற்பது வயது. மேல்வரிசையில் ஒரு பல் இல்லை. தம்மம்பட்டிப் பக்கத்து நாடகக் குழு ஒன்றில் தாய் வேஷம் கட்டுகிறவள். குரல் மட்டும் பல் விழாத குரல். 'தெக்க போன மேகமே' அவள் தானே கட்டிய பாட்டு. பஞ்சக் காட்சியில் மேடையில் ஒற்றையாய் நின்று பாடுவாள்.

தெக்க போன மேகமே – எங்க
மேட்டாங்காடு காயுதே
ஒரு தூத்தல் போட்டுப் போனா என்ன – உனக்கு
ஊரு வழி மறந்ததா

அவளுக்கு டோலக்கு அடித்தவன் அவள் தம்பி ஆண்டி. நல்ல கை. ஆனால் நிற்காத கை. 'காயுதே' என்று இழுத்து அவள் மூச்சு வாங்கப் போகும்போது அவன் காத்திருக்க மாட்டான். அடுத்த அடிக்குத் தாவிவிடுவான். "மேகத்தக் கூப்புடறயா, தாலாட்டறயாக்கா? வெரசாப் பாடு" என்பான். "பஞ்சத்துல கெடக்கறவ குதிச்சுக்கிட்டாடா பாடுவா?" என்பாள் இவள். வீட்டில் நடந்த வரைக்கும் அது விளையாட்டாக இருந்தது.

ஒரு திருவிழாவில் அவன் வழக்கத்தைவிட ஓட்டிவிட்டான். அத்தாயி பாட்டை நிறுத்தினாள். ஊரே உட்கார்ந்திருக்க, "மாடு ஓட்டப் போடா. தாளம் உனக்கு எதுக்கு?" என்றாள். ஊரே சிரித்தது. ஆண்டி டோலக்கை இறக்கி வைத்தான். மறு வாரம், இலங்கைத் தேயிலைத் தோட்டத்துக்கு ஆள் சேர்க்க வந்த கங்காணியோடு போய்விட்டான். ஐந்து வருஷமாகக் கடிதாசி இல்லை. தோட்டத்தின் பெயர்கூட அவளுக்குத் தெரியாது.*

* கங்காணியிடம் கேட்டிருக்கலாமே என்பீர்கள். கேட்டாள். "கண்டிப் பக்கம்" என்றான். கண்டிக்கு நாலு பக்கம் உண்டு.

3

சேலத்துக் கடைக்காரர் ஒருவர் நாடகக்காரர்களைச் சென்னைக்கு அனுப்பித் தட்டுப் போட ஏற்பாடு செய்துகொண்டிருந்தார். அத்தாயியும் போனாள். தன் இஷ்டப்படி, நின்று நிதானமாக, ஓட்டுவதற்கு ஆள் இல்லாமல் பாடினாள். தட்டு வந்தது. யாரும் வாங்கவில்லை. சும்மா சொல்லக் கூடாது, நல்ல பாட்டுத்தான். ஆனால் கல்யாண வீட்டில் போட முடியாது, கோயிலில் போட முடியாது. கிராமபோன் பெட்டி வாங்குகிறவர்களுக்குக் கடைக்காரர் அதைக் கொசுறாகக் கொடுக்க ஆரம்பித்தார்.

அப்படிக் கொசுறாக ஒன்று வெங்கடாசலத்தின் கையில் விழுந்தது. ஆட்டையாம்பட்டியில் காப்பி கிளப் வைத்திருந்தவர் அவர். கிளப்பில் பாட்டுப் பெட்டி வைத்தால் கூட்டம் வரும் என்று யாரோ சொல்ல, வாங்கி வைத்தார். கூட்டம் வந்தது, ஆனால் எழுந்து போகவில்லை. ஒரு காப்பியைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு தட்டு முழுக்கக் கேட்டார்கள்.

வெங்கடாசலம் யோசித்தார். பெட்டியின் ஓரத்தில் வேகத்துக்கு ஒரு திருகாணி இருந்தது. அதை வேகப் பக்கம் முட்டுகிற வரைக்கும் திருகினார். பாட்டுச் சீக்கிரம் முடிந்தால் ஆளும் சீக்கிரம் எழுந்திருப்பான் என்பது அவர் கணக்கு. முள் தேயக் கூடாது என்பது இன்னொரு கவலை. பாட்டின் கடைசி எழுத்து காதில் விழுவதற்குள் முள்ளைத் தூக்கிவிடுவார். (இதைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.)

ஆக, ஆட்டையாம்பட்டியில் அத்தாயி சின்னப் பெண் குரலில், மூச்சு வாங்காமல், குதித்துக்கொண்டு பாடினாள்.

4

சடையனை நான் முதலில் திருடனாகத்தான் எழுதினேன். [பாட்டைத் திருடிய சடையன் மீசையை முறுக்கிக்கொண்டு—] அந்த வாக்கியம் முடியவே மாட்டேன் என்றது. அதன் காரணம் எனக்குப் பிறகுதான் புரிந்தது.

சடையன் மேளக்காரர். கிளப்பின் பெஞ்சில் அவர் உட்கார முடியாது. யார் உட்காரலாம், யார் கூடாது என்று அந்தக் காலத்தில் பலகை எழுதித் தெரிய வேண்டியதில்லை. தூக்கி ஊற்றிய காப்பியை வாங்கிக்கொண்டு எதிர்ப்புறம் வேப்பமரத்தடியில் நின்று குடிப்பார். தட்டை அவர் கண்ணால் பார்த்ததே கிடையாது. அந்தப் பாட்டுக்கு அதுதான் வேகம் என்று நினைத்தார். நினைக்காமல் என்ன செய்வார்? நான்கு நாள் நின்று கேட்டார், ஐந்தாம் நாள் ஒரு கல்யாண ஊர்வலத்தில் குழுவில் ஒருவன் பாட, அடித்தார்.

பிடித்துக்கொண்டது. ராசிபுரத்தில் கேட்டார்கள், நாமக்கல்லில் கேட்டார்கள். மாப்பிள்ளை ஊர்வலம் 'மேகமே' இல்லாமல் நகராது என்று ஆயிற்று. அத்தாயி தட்டை விற்க முடியாத அதே கடைக்காரர் சடையன் குழுவைச் சென்னைக்கு அனுப்பத் தேதி குறித்தார்.

5

அத்தாயி அதைத் திருச்செங்கோட்டுத் தேரில் கேட்டாள். முதலில் புரியவில்லை. இரண்டாவது அடியில் புரிந்தது. ரத்தம் கொதித்தது.

"எம் பாட்டக் கொன்னுபோட்டாங்களே" என்றாள், பக்கத்தில் நின்ற பாவாயியிடம். பாவாயி அதே குழுவில் தோழி வேஷக்காரி. கூட்டத்தை இடித்துக்கொண்டு மேளத்துக்கு முன்னால் போய் நிறுத்தச் சொல்வது என்று அத்தாயி நடந்தாள். ஊரில் அவமானம் என்றால் என்ன என்று இந்த மேளக்காரனுக்கும் தெரியட்டும் என்று நினைத்தாள்.

அவள் நெருங்கும்போது 'காயுதே' வந்தது. அவள் வழக்கப்படி அங்கே மூச்சு வாங்கினாள். மேளம் வாங்கவில்லை, அடுத்த அடிக்குத் தாவிவிட்டது.

அத்தாயி நின்றாள். ஐந்து வருஷமாகக் கேட்காத கை அது. ஆண்டி அடித்தால் இப்படித்தான் இருக்கும். சுற்றிலும் பார்த்தாள். கிழவிகள் ஆடினார்கள். தோளில் பிள்ளை வைத்திருந்தவன் பிள்ளையோடு ஆடினான். இதைத்தானே அந்தப் பயல் கேட்டான் என்று தோன்றியதும் அவளுக்கு அழுகை வந்துவிட்டது. தான் தப்பு, தம்பி சரி என்று நாற்பது வயதில் நடுத்தெருவில் தெரிந்துகொள்வது லேசான காரியமா?

(ஒரு காப்பி கிளப்காரரின் திருகாணியும் ஓடிப்போன தம்பியின் கையும் ஒரே வேகத்தில் வந்து சேர்வது கொஞ்சம் அதிகம்தான். எனக்கும் தெரிகிறது. மாற்ற மனம் வரவில்லை.)

6

தேர் நிலைக்கு வந்த பிறகு, தோல் வாரை இறுக்கிக்கொண்டிருந்த சடையன் முன்னால் போய் நின்றாள்.

"அந்தப் பாட்டு நாங் கட்டுனதுங்கண்ணா."

சடையன் எழுந்து நின்றார். முகம் வெளுத்துவிட்டது. "பொட்டில பாடுன அம்மிணி நீங்களாங்க? சத்தியமா எனக்குத் தெரியாதுங்க. நீங்க வேண்டாம்னா இன்னையோட உட்டர்றேன்."

"உடாதீங்க. இதே வெரசாவே அடியுங்க. மெட்ராசுல போடற தட்டு எங்கெல்லாம் போகுமாம்?"

"கொழும்பு, கண்டி வரைக்கும் கப்பல்ல போகும்னு கடைக்காரரு சொன்னாருங்க."

"அப்ப நானும் வாரேன். பாட்டு முடிஞ்சொடனே ஒரே ஒரு பேச்சு பேசிக்கறேன்."

சடையன் கையிலிருந்த வாரை இழுத்து இழுத்துப் பார்த்தார். அவருக்கும் குழுவில் இருந்த ஆறு பேருக்கும் அது ஒரே வாய்ப்பு. சிவப்பு விளக்கு எரிகிற வரைக்கும் பதிவு ஓடும், அந்த மெழுகுத் தட்டில் ஒரு இருமல் விழுந்தாலும் வீண் என்று சொல்லியிருந்தார்கள். கெட்டுப்போனால் மறுபடி கூப்பிடுவார்கள் என்று எந்த உறுதியும் இல்லை.

"யாருக்குங்க பேசோணும்?"

"எந் தம்பிக்குங்க. இந்த மாதிரித்தான் அடிப்பான். நாந்தான் தொரத்தீட்டேன்."

சடையன் வாரைக் கீழே வைத்தார். "சிவப்பு வெளக்கு அணையறதுக்குள்ள பேசீருங்க அம்மிணி" என்றார்.

7

சென்னையில் அப்படியே நடந்தது. கடைசி அடி விழுந்தது. ஒருவரும் மூச்சு விடவில்லை. சிவப்பு விளக்கு இன்னும் எரிந்துகொண்டிருந்தது. அத்தாயி ஒரு எட்டு முன்னால் வந்து பேசினாள்.

கம்பெனி ஆள் ஓடி வந்து கத்தினார். சடையன் கைகட்டி நின்றார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பதிவைக் கேட்டுக்கொண்டிருந்த பெரியவர் சொன்னார்: "விடுங்க. பாட்டு முடிஞ்சா முள்ளை எடுத்துடப் போறான். இதை எவன் கேக்கப் போறான்?"

அதனால்தான் அந்தப் பேச்சு தப்பியது. பெரியவர் சொன்னது அத்தாயி காதிலும் விழுந்தது.

என்ன பேசினாள்? முன்பாதியும் பின்பாதியும் தட்டில் இருக்கின்றன. நடுவில் கீறல். அங்கே நான் இதை வைக்கிறேன்: "ஆண்டி, நீ அடிச்சதுதான் சரி. ஊட்டுக்கு வா, சாமி." உங்களுக்கு வேறு தோன்றினால் மாற்றிக்கொள்ளுங்கள்.

தட்டு அமோகமாக விற்றது. வெங்கடாசலமும் ஒன்று வாங்கி, அதே திருகாணியில் அதையும் வேகமாக ஓட்டினார். கப்பலிலும் போனது.

இனி முடிவு. மூன்று எழுதினேன்.

முதலாவதில் ஆண்டி கேட்டுவிட்டுக் கப்பலேறி வருகிறான். எழுதும்போதே நான் அழுதேன். அதனால் நம்பவில்லை.

இரண்டாவதில் தோட்டத்தில் தினமும் அந்தத் தட்டு ஓடுகிறது. ஆண்டி தகர டப்பாவில் கூடவே அடிக்கிறான். தினமும் யாரோ முள்ளை எடுத்துவிடுகிறார்கள்.

மூன்றாவதில் ஆண்டி உயிரோடு இல்லை. அதைக் கிழித்துவிட்டேன்.

தட்டைத் திருப்பிக் கொடுக்கும்போது நண்பர் விளக்கில் காட்டி ஒன்று சொன்னார். பாட்டு முழுக்க ஒரு கீறல் இல்லை. கடைசி நான்கு விநாடியில் மட்டும் இருக்கிறது. அப்படிக் கீறல் விழ இரண்டு வழி உண்டாம். ஒன்று, முடிந்ததும் அவசரமாக முள்ளைப் பிடுங்குவது. இன்னொன்று, அதே இடத்தைத் திரும்பக் கேட்பதற்காக முள்ளைத் தூக்கித் தூக்கி அங்கேயே வைப்பது.

"இது எதுங்க?" என்று கேட்டேன்.

"பார்த்துச் சொல்ல முடியாது" என்றார்.

அஸ்தம்பட்டிக்காரரிடம் போய், இந்தத் தட்டு உங்கள் வீட்டுக்கு எங்கிருந்து வந்தது, உங்கள் தாத்தா எந்த ஊரில் வேலை செய்தார் என்று கேட்டால் ஒருவேளை தெரியும். இரண்டு முறை, அவர் இப்போது இருக்கும் ஏற்காடு ரோட்டுத் தெரு வரைக்கும் போய்த் திரும்பிவிட்டேன். கீறல் விழுந்தது இரண்டாவது வழியில்தான் என்றே நான் வைத்திருக்கிறேன். அதைக் கெடுத்துக்கொள்ள எனக்குத் தைரியமில்லை. உங்களுக்கு இருந்தால் ஏற்காடு ரோட்டில் விசாரித்துப் பாருங்கள். தட்டும் வேண்டுமானால் வாங்கிப் போங்கள். பாட்டு முடிந்ததும் கையை மட்டும் உடனே நீட்டாதீர்கள்.