பனிக்கு மேல் மணவறை

மணவறைக்குக் கீழே பனிக்கட்டி உறைந்து கிடக்கிறதென்று துஷ்யா தாயிடம் சொல்லவேயில்லை. சொல்லியிருந்தால், தங்கச்சி லக்‌ஷிகாவின் கலியாணத்துக்கு வேறு மண்டபம் பார் என்றிருப்பார் நகுலேஸ்வரி.

லண்டனின் ஃபாரஸ்ட் கேட்டிலிருந்து பஸ்ஸில் போகும் தூரத்திலிருந்த அந்த அரங்கை எழுபதுகளில் கவுன்சில் கட்டியது ஐஸ் ஹாக்கிக்காகத்தான். உள்ளூர் அணி தோற்றுக்கொண்டே போக, பனிமேல் பலகை பரப்பிக் குத்துச்சண்டை நடத்தினார்கள், தேர்தல் வாக்கு எண்ணினார்கள், கொரோனாக் காலத்தில் ஊசி போட்டார்கள். பிறகு யாழ்ப்பாணத்தாரின் கலியாணங்கள் வந்தன. உருகவிட்டால் மறுபடி உறைய நாட்கள் பிடிக்கும் என்பதால் பனியை யாரும் உருகவிடுவதில்லை. அதை உறைய வைப்பது பின்பக்க இயந்திர அறையிலிருக்கும் அமோனியா. தொண்ணூறுகளில் ஒருமுறை அது கசிந்து, பயிற்சிக்கு வந்த இரண்டு ஆட்டக்காரர் மூச்சுத் திணறி விழுந்த கதையை, வேலைக்குச் சேருபவர்களுக்கு முதல் நாளே சொல்வார்கள். துஷ்யாவுக்கும் சொன்னார்கள். இப்போது அவள்தான் அங்கே மேலாளர்.

ஓமப் புகைக்கு அலாரம் அடித்துவிடும். ஆகவே லண்டனில் தமிழர் எந்த மண்டபம் எடுத்தாலும் அதை நிறுத்தித் தரும்படிதான் முதலில் கேட்பார்கள். துஷ்யாவும் வழக்கம்போல நிறுத்திவிட்டாள். புகை தங்காமலிருக்க விசிறிகளை முழு வேகத்தில் ஓடவிட்டாள்.

லக்‌ஷிகா கூறைச்சேலை மாற்றிக்கொண்டு வந்து மணவறையில் அமர்ந்த வேளையில், பின் கதவுக்கு மேலே சிவப்பு விளக்கு சுழல்வதைத் துஷ்யா கண்டாள். சத்தமே இல்லை. புகைக்கும் வாயுவுக்கும் ஒரே அலாரம்தான் என்பது அப்போதுதான் நினைவுக்கு வந்தது.

தொலைபேசி அதிர்ந்தது. இயந்திர அறைப் பொறுப்பாளன் நிஷாந்த்.

"அக்கா, வால்வ் ஒண்டு விட்டிட்டுது, அமோனியா கசியுது. உள்ளுக்குப் போக ஏலாது, வெளியில நிண்டுதான் கதைக்கிறன். ஃபயர் பிரிகேட்டுக்கு அடிச்சிட்டன். அந்த ஃபேனுகளை நிப்பாட்டுங்கோ, காத்தை உங்கட பக்கம்தான் இழுக்குது."

விசிறிகளை நிறுத்தினாள். மூச்சை இழுத்துப் பார்த்தாள். சாம்பிராணி வாசம் மட்டும்தான். அதற்கடியில் வேறு நெடி வந்தாலும் தெரியாது என்பது இன்னும் பயமாக இருந்தது.

மணவறைக்குப் போய்த் தாயின் காதில் சொன்னாள். நகுலேஸ்வரி சிரித்த முகம் மாறாமல், வீடியோக்காரனைப் பார்த்தபடியே பதில் சொன்னார்.

"தாலி ஏறட்டும். பத்து நிமிசம்."

"அவ்வளவு நேரம் இல்லை அம்மா."

"கூறையோட இடையில எழும்பின பிள்ளையைச் சனம் என்னெண்டு கதைக்கும்? நீ சும்மாவே பயந்தாங்கொள்ளி."

எழப்பார்த்த லக்‌ஷிகாவின் தோளைத் தாயின் கை அழுத்திப் பிடித்திருந்தது.

துஷ்யா ஒலிவாங்கியை எடுத்து, பதறாமல் எல்லோரும் வெளியே போகும்படி கேட்டாள். சிலர் சிரித்தார்கள். வாழ்த்தித் தூவ அறுகரிசி கையில் வாங்கியாயிற்று, போட்டுவிட்டே எழும்புகிறோம் என்றார் முன்வரிசைப் பெரியவர் ஒருவர். அலாரத்தை மறுபடி அடிக்கவிட்டால் அறுநூறு பேர் திறந்திருந்த ஒரே வாசலில் நெரிபடுவார்கள். ஊன்றுகோல்களும் குழந்தைகளின் தள்ளுவண்டிகளும் வேறு. அவள் தயங்கினாள். அப்போது பின் கதவருகே காலுறையோடு சறுக்கி விளையாடிய சிறுமி ஒருத்தி நின்று, இரண்டு கைகளாலும் கண்ணைக் கசக்கத் தொடங்கினாள்.

துஷ்யா ஓடினாள். சிறுமியை அள்ளி அருகில் நின்றவரிடம் கொடுத்துவிட்டு, வாசல்கள் எல்லாவற்றையும் திறக்கச் சொல்லி, அலாரத்தைப் போட்டாள்.

தவில் அறுந்ததுபோல நின்றது. கதிரைகள் சரிந்தன. ஐயர் தாலித் தட்டோடு முதலில் இறங்கினார். யாரோ ஒரு குழந்தையின் பெயரைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தார்கள்.

கார் நிறுத்துமிடத்தில், கூறைக்கு மேல் யாரோ கொடுத்த குளிர்க்கோட்டோடு லக்‌ஷிகா நின்றாள். மாப்பிள்ளை இருமிக்கொண்டிருந்தான். நகுலேஸ்வரி மூத்தவளின் முகத்தைப் பார்க்காமலே கேட்டார்.

"உது ஒண்டுமில்லையெண்டால்?"

"அப்பிடியே இருக்கட்டும் அம்மா."

காற்று திரும்பியது. திறந்த வாசல்களிலிருந்து மூக்கையும் கண்ணையும் ஒருசேரக் குத்தும் நெடி வந்தது. கூட்டம் மொத்தமாகப் பின்வாங்கியது. நகுலேஸ்வரி சேலைத் தலைப்பால் மூக்கைப் பொத்திக்கொண்டார். உள்ளே இன்னும் யாராவது இருக்கிறார்களா என்று துஷ்யா வாசலை நோக்கி ஓரடி வைத்தாள்.

"போகாதை," என்று அவளுடைய கையைப் பிடித்தார் தாய். தீயணைப்பு வண்டி வந்து நின்ற பிறகும் அவர் அதை விடவில்லை.