யெர்கோ எழுதிய கவிதைகள்

விஸ் தீவில் பெரினாவைத் தெரியாதவர்கள் இல்லை. கப்பல்காரன் யெர்கோவின் மனைவி; ரோஸ்மேரி மூலிகை பறிக்கிற கையால் கவிதையும் எழுதுகிறவள். இருபத்திரண்டு வருடமாக, அவன் போன துறைமுகத்துக்கெல்லாம் கடிதத்தோடு ஒரு கவிதையும் அனுப்பினாள். திராட்சைக் கொடிக்கு மருந்தடித்தாயா, கூரை ஒழுகுகிறதா என்றுதான் அவன் பதில் வரும். கவிதையைப் பற்றி ஒரு சொல் இருக்காது.

கப்பலிலேயே மாரடைத்து இறந்து, சவப்பெட்டியில் வந்து சேர்ந்தான். புதைத்தபோது அவளுக்கு அழுகை வரவில்லை. "கல்லு மாதிரி நிக்கிறா பாரு" என்றார்கள் தேவாலயத்துப் பெண்கள்.

எட்டாம் நாள் மதியப் படகில் ரியெக்கா நகரத்திலிருந்து ஒருத்தி வந்தாள். பெயர் நெவியா, துறைமுகக் கேன்டீனில் வேலை.

"நீங்கதான அவரோட அக்கா? தீவுல அக்கா மட்டுந்தான் இருக்காங்கன்னு சொல்லிருக்காரு."

பெரினா திருத்தாமல் உள்ளே போனாள். காபியும் உலர்ந்த அத்திப்பழமும் கொண்டுவந்து வைத்தாள்.

"அடுத்த வருஷம் கட்டிக்கிறேன்னாரு. ஆறு வருஷமா அடுத்த வருஷந்தான்." நெவியா சிரிக்கப் பார்த்து அழுதாள். "ஆனா எனக்காக எவ்வளவு எழுதிருக்காரு தெரியுமாக்கா?" பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்து மார்போடு அணைத்தபடி, பார்க்காமலே சொன்னாள்:

"உப்புக்காற்றில் காய்ந்த ரோஸ்மேரி நான்,
கசக்கியவன் கையில்தான் மணப்பேன்."

"காய்ந்த இல்ல, கருகிய," என்றாள் பெரினா. "அந்தக் காத்து செடியக் காயவைக்காது, கருக்கிடும்."

சொன்ன பிறகுதான் சொன்னது உறைத்தது. நெவியா நோட்டைப் பிரித்தாள். 'கருகிய' என்றுதான் இருந்தது.

"நீங்க அக்கா இல்ல."

"இல்ல."

"தெரிஞ்சேவா காபி குடுத்தீங்க?"

"அவ்வளவு தூரம் வந்திருக்கீங்களே."

நெவியா நோட்டை மேசைமேல் வைத்தாள். எழுந்து படகுத்துறைக்கு ஓடினாள்.

பெரினா பக்கங்களைப் புரட்டினாள். புயலைப் பற்றி அவள் எழுதியது, பிறந்து மூன்றே நாள் உயிரோடிருந்த தங்கள் பெண்குழந்தையைப் பற்றி எழுதியது, எல்லாம் யெர்கோவின் கோணல் கையெழுத்தில். ஒன்றைக்கூட அவன் விடவில்லை. ஒரு சொல்லைக்கூட மாற்றவில்லை. இவ்வளவு ஆசையாய்ப் படித்தவன், நன்றாயிருக்கிறது என்று அவளிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்.

அப்போதுதான் அழுதாள். அவன் போனதற்கா, அவள் கவிதைகளை இன்னொருத்திக்குக் கொடுத்துவிட்டதற்கா என்று அவளுக்கே பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. பக்கத்து வீட்டுக்காரி ஓடிவந்து, "இப்பவாவது அழுதியேம்மா" என்று அவளைக் கட்டிக்கொண்டாள்.