மேக்கே உதிக்கிற ஊர்

வாய் சும்மா கிடக்காது என்பதற்குத் தையல்காரரை விட நல்ல சாட்சி கிடையாது. ஒரே ஒரு வார்த்தை விட்டார், மூன்று வருடம் போயிற்று.

"சூரியன் என்னைக்கு மேற்கே உதிக்குதோ, அன்னைக்கு உன் வீட்டு வாசப்படி மிதிக்கிறேன், போ!"

சொன்னது பெற்ற மகளிடம். கோபத்தில் எல்லாரும் என்னென்னவோ பேசுகிறோம், ராத்திரி சாப்பாட்டுக்குள் மறந்தும் போகிறோம். இவர் அப்படி இல்லை. சட்டை அளவில் அரை அங்குலம் பிசகாதவர் என்று கடைத்தெருவில் அவருக்குப் பெயரே 'அங்குலம்'தான். துணிக்கு ஒரு நியாயம், வார்த்தைக்கு ஒரு நியாயமா என்று அப்படியே பிடித்துக்கொண்டார். நல்ல பிடிவாதம், போங்கள்!

மகள் செய்த குற்றம் என்னவென்றால், மலைச்சாலையில் மண் சரிந்தால் அள்ளித் தள்ளும் வண்டி ஓட்டுகிறவனைக் கட்டிக்கொண்டாள். பையனிடம் ஒரு குறையும் இல்லை. மலைக்கு அந்தப் பக்கம், எட்டு மணி நேரத் தூரத்துக்குக் கொண்டுபோய்விடுவானே என்பதுதான் குறை. தாயில்லாத ஒற்றைப் பிள்ளை. காலேஜ் முடித்த பிறகும் கடையில் அவர் பக்கத்திலேயே முக்காலி போட்டு உட்கார்ந்து பொத்தானுக்குக் காஜா எடுப்பாள். கல்யாணத்தைப் பதிவு செய்துவிட்டு, மாலையும் கழுத்துமாகக் கடை வாசலில் வந்து நின்றாள். அப்போது விழுந்த வார்த்தைதான் அது. சொல்லிவிட்டுக் குனிந்துகொண்டு மிஷினை ஓட்டு ஓட்டென்று ஓட்டினார். ஊசியில் நூல் இல்லை என்பது அவள் போன பிறகுதான் அவர் கண்ணில் பட்டது.

அவளும் அப்பனுக்குத் தப்பாமல் பிறந்தவள். ஒரு போன் கிடையாது. இவர் செல்போனைத் துடைத்துத் துடைத்து மிஷின் மேல் வைத்துக்கொண்டு இருந்ததுதான் மிச்சம்.

போன வாரம் போன் அடித்தது. மகள் இல்லை, மருமகன்.

"மாமா, நல்லாருக்கீங்களா? நான் கூப்பிட்டது அவளுக்குத் தெரியாது. சூரியன் மேற்கே உதிச்சாத்தான் வருவேன்னு சொன்னீங்களாமே? நேத்துதான் சொன்னா. எங்க ஊர்ல தினமும் மேக்கேதான் மாமா உதிக்குது. நீங்க பாட்டுக்கு வாங்க."

"யார் காதுலடா பூ சுத்துற?"

"சத்தியமா மாமா. வந்து உங்க கண்ணாலயே பாருங்க."

தையல்காரருக்கு வந்ததே கோபம். எதிர்க்கடைக் கடிகாரக்காரரிடம் ஓடிப்போய்த் திசைகாட்டி ஒன்று இரவல் கேட்டார். மருமகன் புளுகை அவன் வீட்டு வாசலிலேயே நிரூபித்துவிட்டு, அடுத்த பஸ்ஸில் திரும்பிவிடுவதாகச் சொன்னார்.

"புளுகைப் பிடிக்கப் போற ஆளுக்குக் கையில புதுச் சேலை எதுக்குய்யா?" என்றார் கடிகாரக்காரர்.

"அது... குளிருக்குப் போத்திக்க."

"பூப்போட்டதா? போத்திக்க, போத்திக்க. உனக்கு எடுப்பாத்தான் இருக்கும்."

விடிகிற நேரத்துக்கு பஸ் அவரை ஒரு வளைவில் இறக்கிவிட்டுப் போயிற்று. நல்ல குளிர். சாலையோரம் ஒரு டீக்கடை, அடுப்புக்குப் பின்னால் ஒரு பெண். அவள் எடுத்த எடுப்பில், "எங்கிருந்து ஏறுறீங்க?" என்றாள். அந்த ஊரில் வருவதும் போவதும் கிடையாது. ஒன்று ஏறுவார்கள், இல்லையென்றால் இறங்குவார்கள். மண் அள்ளும் வண்டிக்காரர் வீட்டுக்கு வழி கேட்டார்.

"இப்படியே மேக்கே ஏறுங்க, மூணாவது வீடு. முதல்ல டீயைக் குடிங்க. கிழக்கு டம்ளர் உங்களுது. மேக்கு டம்ளர்ல சர்க்கரை போடல."

அவள் முன்னே வைத்த இரண்டு டம்ளரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, தையல்காரர் திசைகாட்டியைத் திறந்தார். அவள் ஏறச்சொன்ன பக்கம் சுத்தமான கிழக்கு.

"அம்மா, நீங்க கையைக் காட்டுறது கிழக்கு."

"அட, நீங்க ஒண்ணு! மேல இருந்தா மேக்கு, கீழ இருந்தா கிழக்கு. பேர்லயே இருக்குதே! உங்க ஊர்ல வேற எதை வச்சுச் சொல்றீங்க?"

தையல்காரர் மலையை அண்ணாந்து பார்த்தார். ஐம்பத்தெட்டு வருடமாகத் தமிழ் பேசுகிறார், இது அவருக்குத் தோன்றியதே இல்லை. அவர் ஊருக்கு மேற்கே மலை. அங்கே சொல்லும் முள்ளும் ஒரே பக்கம் காட்டின. இந்தப் பக்கம் வந்தால் மலை கிழக்கே இருக்கிறது, ஆனால் 'மேக்கு' என்ற சொல் மலையோடு நின்றுவிட்டது. முள் எந்தப் பக்கம் காட்டினால் இவர்களுக்கு என்ன? சட்டையில் கூட கிழக்குப் பாக்கெட், மேக்குப் பாக்கெட்தான், ஆள் திரும்பி நின்றால் பாக்கெட்டின் பெயரும் மாறிவிடும்.

மேலே மலைமுகட்டில் வெளிச்சம் வழிந்தது.

"மேக்கே வெளுத்துடுச்சு," என்று டீக்கடைக்காரி விளக்கை அணைத்தாள்.

அப்பாடா என்று இருந்தது அவருக்கு. சொன்ன சொல்லையும் காப்பாற்றியாயிற்று, மகளையும் பார்க்கலாம். பத்தடி ஏறியதும் நின்றார். இத்தனை நாள் சத்தியத்தின் மேல் பழியைப் போட்டுவிட்டு உட்கார்ந்திருந்தார். இப்போது அவள் வராதே என்று சொல்லிவிட்டால் எதன் மேல் போடுவது?

மகள் வாசலில் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். கொஞ்சம் இளைத்திருந்தாள். கையிலிருந்த துணியைப் போடவும் தெரியாமல் வைத்திருக்கவும் தெரியாமல் நின்றாள்.

"ஏறி வந்தீங்களாப்பா?"

குரல் அவளுடையது, பேச்சு இந்த ஊருடையது. அதற்குள் மருமகன் பல்பொடி நுரையோடு ஓடிவந்தான்.

"பாத்தீங்களா மாமா, மேக்கே! நான் சொன்னேன்ல?"

"என்ன மேக்கே?" என்றாள் மகள்.

அவன் பெருமையாக எல்லாவற்றையும் சொன்னான். வெகுளிப் பையன். சொல்லச் சொல்ல அவள் முகம் சுருங்கியதை அவன் கவனிக்கவில்லை. தையல்காரர் கவனித்தார்.

"அப்ப சூரியனுக்காகத்தான் வந்தீங்க."

"இல்லம்மா..."

"மூணு வருஷமா நான் ரோட்டைத்தான்ப்பா பாத்துட்டிருந்தேன், வானத்தைப் பாக்கல. சந்துல பூந்து வர்ற மாதிரி வராதீங்க. உங்க வார்த்தை உங்ககிட்டயே பத்திரமா இருக்கட்டும். வெளியே முக்காலி போடறேன், டீ குடிச்சிட்டு இறங்குங்க."

உள்ளே போய் முக்காலியைக் கொண்டுவந்து வெளியே வைத்தாள். மருமகன் நுரையைத் துப்பவும் மறந்து நின்றான்.

தையல்காரர் உட்காரவில்லை. அவள் சொன்னதில் அரை அங்குலம் தப்பு இல்லை. திசைகாட்டியை எடுத்து உள்ளங்கையில் வைத்து, இருவருக்கும் தெரியும்படி நீட்டினார்.

"இங்க பாரு, முள்ளு பொய் சொல்லாது. இது கிழக்கு. சூரியன் என்னைக்கும் போல கிழக்கேதான் உதிச்சிருக்கு."

"மாமா, எதுக்கு மாமா இப்ப அது?" என்று பதறினான் மருமகன்.

"இரு மாப்பிள்ளை." முதல் தடவையாக அவனை அப்படிக் கூப்பிட்டார். "நான் சொன்ன சொல்லை மீறித்தான் வந்திருக்கேன்மா. எனக்கு உன்னைப் பாக்காம முடியல. அவ்வளவுதான்."

செருப்பைக் கழற்றினார். படி ஒற்றைக் கருங்கல், பனியில் நனைந்து கிடந்தது. வலது காலை எடுத்து அதன் மேல் அழுத்தி மிதித்தார்.

மகள் அழுதுகொண்டே ஓடிவந்தாள். "பாத்துப்பா, பாத்து! கிழக்குக் காலை ஊனாதீங்க, வழுக்கும்!"

எது கிழக்குக் கால் என்று அவருக்குத் தெரியவில்லை. அவள் கையைப் பிடித்துக்கொண்டார்.